கைக்குள் அடங்கும் சிலுவை

திருவிழா முடிந்த மறுநாள் காலையில் கோவில் முற்றத்தைப் பார்த்திருப்பீர்கள். முந்தின இரவு தேர் நின்ற இடத்தில் வாடிய பூக்கள் கிடக்கும். வண்ணத் தாள் ஒட்டிய மூங்கில் வளைவை இரண்டு பேர் அவிழ்த்துக்கொண்டிருப்பார்கள். அதைக் கட்டியவர் யார் என்று எவரும் கேட்பதில்லை. அதன் கீழ் நடந்து போனவர்களுக்கு அது மாதா வரும் வழி, அவ்வளவே.

திரைப்படத்திலும் இப்படி ஒருவர் இருக்கிறார். கதைநாயகன் சாய்ந்து நிற்கும் சுவர், தாய் விளக்கேற்றும் மாடம், சிறையின் கம்பி, உணவு மேசையின் கரண்டி ஈறாகத் திரையில் நம் கண்ணில் படும் பொருள்கள் அனைத்துக்கும் பொறுப்பேற்பவர் கலை இயக்குநர். படம் ஓடும்போது நாம் அவரை நினைப்பதில்லை. எழுத்துகள் ஓடி மறையும்போது அவர் பெயரும் ஓடி மறைகிறது.

அப்படி மறைந்துபோகும் பெயர்களுள் ஒன்றைப் பற்றி இம்மாதம் எழுத விரும்புகிறேன். தாந்தே ஃபெரெத்தி 1943இல் இத்தாலியின் மச்சேராத்தா நகரில் பிறந்தவர். பசோலினி, ஃபெல்லினி, மார்ட்டின் ஸ்கார்செஸி என்னும் மூன்று பெரும் இயக்குநர்களுக்குக் காட்சியுலகம் அமைத்துக் கொடுத்தவர். மூன்று ஆஸ்கார் விருதுகளைத் தம் மனைவியும் அரங்க அலங்காரக் கலைஞருமான பிரான்செஸ்கா லோ ஸ்கியாவோவுடன் பகிர்ந்துகொண்டவர். அவருடைய பணிவாழ்வின் தொடக்கத்தில் கிறிஸ்துவைப் பற்றிய படம் ஒன்று நிற்கிறது. அதன் ஆண்டு 1964. பிற்பகுதியில் கிறிஸ்துவுக்காக உயிர்விட்டவர்களையும், உயிருக்கு அஞ்சி அவரை மறுதலித்தவர்களையும் பற்றிய படம் ஒன்று நிற்கிறது. அதன் ஆண்டு 2016. இரண்டுக்கும் இடையே ஐம்பத்திரண்டு ஆண்டுகளும், மரத்தாலும் சுண்ணத்தாலும் எழுப்பப்பட்ட எத்தனையோ மாளிகைகளும் இருக்கின்றன.

இப்படங்களை ஒருசேர வைத்துப் பார்க்கும்போது ஒரு கேள்வி எழுகிறது. புனிதமானதைக் காட்ட முற்படும் கலைஞன் எவ்வளவு கட்டவேண்டும்? எந்த இடத்தில் நிறுத்திக்கொள்ளவேண்டும்? இக்கேள்வி திரைப்படக்காரர்களுக்கு மட்டும் உரியதன்று. கோவில் கட்டுகிற, பீடம் புதுப்பிக்கிற, கெபி எழுப்புகிற நம் எல்லாருக்கும் உரியது. இக்கேள்வியோடு எனக்கும் ஒரு பழைய கணக்கு உண்டு. அதை இறுதியில் சொல்கிறேன்.

1962 அக்டோபரில், திருத்தந்தை இருபத்துமூன்றாம் யோவான் அசிசி நகருக்குத் திருப்பயணம் மேற்கொண்டபோது, பசோலினியும் அங்கே ஒரு கத்தோலிக்க இல்லத்தில் விருந்தினராகத் தங்கியிருந்தார். அவர் பொதுவுடைமைக் கொள்கையர். கடவுள் நம்பிக்கை தமக்கில்லை என்று வெளிப்படையாகச் சொன்னவர். தங்கிய இடத்தில் கிடைத்த நற்செய்தி நூலை எடுத்து வாசிக்கத் தொடங்கியவர், மத்தேயுவின் ஏட்டைப் படமாக்குவது என்று முடிவு செய்தார். அப்படம் பின்னர் அதே திருத்தந்தையின் நினைவுக்கே படைக்கப்பட்டது.

பசோலினி 1963இல் பாலஸ்தீனத்திற்குச் சென்று ஊர் ஊராகச் சுற்றிப் பார்த்தார். தாம் தேடிய பழமை அங்கே கண்ணுக்குத் தட்டுப்படவில்லை. எனவே தென் இத்தாலியின் ஏழை ஊர்களுக்குத் திரும்பினார். மத்தேரா என்னும் ஊரே அவருக்கு எருசலேமாயிற்று. சுண்ணாம்புப் பாறையைக் குடைந்து ஒன்றன்மேல் ஒன்றாக அமைந்த குகை வீடுகள் அங்கே உண்டு. மனிதரும் கால்நடைகளும் ஒரே குகையில் வாழ்ந்த அந்த நிலையைக் கண்டு நாணிய இத்தாலிய அரசு, 1952இல் சட்டமியற்றி மக்களை வேறிடத்துக்கு மாற்றத் தொடங்கியது. நாட்டின் அவமானம் என்று காலிசெய்யப்பட்ட இடத்தில்தான் பசோலினி தாவீதின் நகரைக் கண்டார். அதே குகைகளை 1993இல் யுனெஸ்கோ உலக மரபுச் செல்வமாக அறிவித்தது என்பது வரலாற்றின் சிறு நகைப்பு.

அப்படத்தின் கலை இயக்குநர் லூயிஜி ஸ்காச்சியானோச்சே. அவருடைய உதவியாளர்களுள் ஒருவராக நின்றவர் இருபத்தொரு வயது ஃபெரெத்தி. ஓர் இளைஞன் இத்தொழிலில் முதலில் கற்கவேண்டியது எப்படிக் கட்டுவது என்பதே. ஃபெரெத்திக்கோ கட்டாமல் விடுவது எப்படி என்னும் பாடம் தொடக்கத்திலேயே வாய்த்துவிட்டது. படத்தின் முதற்காட்சியை நினைத்துப் பாருங்கள். ஒரு கல் வளைவின் முன்னால் கருவுற்ற மரியா நிற்கிறார். எதிரே சூசை. இருவரும் பேசுவதில்லை. பின்னணி இசையும் இல்லை. அந்தச் சுவரில் அலங்காரம் ஏதுமில்லாததால் நம் கண் அலைவதற்கு வழியின்றி அந்த இரு முகங்களிலேயே நின்றுவிடுகிறது. நேர்மையான ஓர் ஆணின் உள்ளம் எப்படி உடைகிறது என்பதை மத்தேயு சில வரிகளில் சொன்னார். அதை ஒரு வெற்றுச் சுவர் நமக்குச் சொல்கிறது.

அடுத்த ஆண்டு, 1965இல், அமெரிக்காவிலிருந்து கிறிஸ்துவின் வரலாறு ஒன்று பெருஞ்செலவில் வெளிவந்தது. புகழ்பெற்ற நடிகர்கள் வரிசையாக வந்து போகும் அப்படத்தில், அமெரிக்கப் பாலைநிலத்தின் பிரம்மாண்டமான பாறைகளுக்கு நடுவே ஆண்டவர் நடக்கிறார். பார்ப்பதற்கு அழகுதான். ஆனால் அங்கே மலைகள் பேசுகின்றன. மத்தேராவிலோ உழவர்களின் முகங்கள் பேசுகின்றன. பசோலினியின் படம் 1964இல் வெனிஸ் விழாவில் அனைத்துலகக் கத்தோலிக்கத் திரைப்பட அமைப்பின் பரிசைப் பெற்றது. 1995இல் வத்திக்கான் வெளியிட்ட சிறந்த படங்களின் பட்டியலிலும் அது இடம்பெற்றது. நம்பிக்கையற்றவர் ஒருவர் எடுத்த படம் என்று திருச்சபை அதைத் தள்ளிவிடவில்லை.

காலப் பொருத்தம் ஒன்றையும் குறிப்பிடவேண்டும். இரண்டாம் வத்திக்கான் சங்கத்தின் திருவழிபாடு பற்றிய ஏடும், சமூகத் தொடர்புச் சாதனங்கள் பற்றிய ஏடும் 1963 டிசம்பர் 4 அன்று ஒரே நாளில் வெளிவந்தன. வெறும் ஆடம்பரத்தைவிட மேன்மையான அழகையே கோவில்களில் நாடவேண்டும் என்பது முதல் ஏட்டின் அறிவுரை. அந்த அறிவுரையை நம் பங்குகளில் நாம் இன்னும் முழுமையாகக் கேட்டு முடிக்கவில்லை. மறு ஆண்டே ஒரு திரைப்படம், தான் அறிந்தோ அறியாமலோ, அதைச் செய்து காட்டிவிட்டது.

ஃபெரெத்தி அங்கேயே நின்றுவிடவில்லை. 1969இல் பசோலினியின் 'மெதெயா'வுக்குத் தாமே கலை இயக்குநரானார். 1975இல் பசோலினி கொலையுண்டு இறக்கும்வரை அவருடைய படங்களில் பணியாற்றினார். அவற்றுள் சில நம் இல்லங்களில் குடும்பமாக அமர்ந்து பார்க்கத் தக்கவை அல்ல என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். பின்னர் ஃபெல்லினியிடம் சென்றார். மத்தேராவுக்கு நேர் எதிரான பள்ளி அது. உண்மைக் கடல் ரோமுக்குப் பக்கத்திலேயே இருக்க, படப்பிடிப்புக் கூடத்துக்குள் கடல் செய்யச் சொல்லும் இயக்குநர் ஃபெல்லினி.

1983இல் வந்த 'கப்பல் போகிறது' என்னும் படத்தில் அப்படியே நடந்தது. மறைந்த பாடகி ஒருவரின் அஸ்தியை ஏந்தி, 1914இல் ஒரு பெருங்கப்பல் புறப்படுகிறது. அது மிதக்கும் கடல் பிளாஸ்டிக் விரிப்பால் ஆனது. சிறுபிள்ளைக்கும் அது தெரியும். படம் முடியும் தறுவாயில் ஃபெல்லினி திரையை விலக்குவதுபோல் அனைத்தையும் திறந்துகாட்டுகிறார். கப்பலை அசைக்கும் இயந்திரம் தெரிகிறது. விளக்குகளும் படப்பிடிப்புக் கருவியும் பணியாளர்களும் தெரிகிறார்கள். இது பொய் என்று படமே ஒப்புக்கொள்கிறது. வியப்பு என்னவென்றால், அதன்பின்னும் நம் துயரம் குறைவதில்லை.

குருமடத்தில் அருளடையாளங்களைப் பற்றிப் படித்தவர்களுக்கு இது புதிதன்று. அடையாளம் தன்னை அடையாளம் என்று ஒளிக்காமல் சொல்லும்போதுதான் அது தனக்கு அப்பால் இருப்பதைக் காட்ட வல்லதாகிறது. ஆகவே கட்டுவது தவறு, கட்டாதிருப்பதே புனிதம் என்று நான் வாதிட வரவில்லை. மத்தேராவின் கல்லும் ஃபெல்லினியின் பிளாஸ்டிக்கும் ஒருவகையில் உறவினரே. இரண்டும் மனிதனுக்கு வழிவிட்டு ஒதுங்கி நிற்கின்றன.

ஃபெரெத்தியின் கட்டடங்களுள் நம் வாசகர்கள் அவசியம் காணவேண்டியது, 1986இல் வந்த 'ரோஜாவின் பெயர்' படத்தின் துறவுமடம். உம்பெர்த்தோ எக்கோவின் புதினத்தைத் தழுவிய அக்கதை 1327இல் நடக்கிறது. மடத்தின் உட்பகுதிகள் பலவற்றைச் செருமனியின் எபர்பாக் என்னும் பழைய சிஸ்டர்சியன் மடத்தில் படமாக்கினார்கள். வெளித்தோற்றத்தையோ ரோமுக்கு வெளியே ஒரு குன்றின்மேல் ஃபெரெத்தி எழுப்பினார். அதன் நடுவே ஒரு கோபுரம் எழும்பி நிற்கிறது. அதனுள்ளே ஏணிப்படிகள் குறுக்கும் நெடுக்குமாக ஓடும் நூலகம் ஒன்று பூட்டிக் கிடக்கிறது.

கொலைகளைத் துப்புத் துலக்கும் கதையாகவே பலர் இதைப் பார்ப்பார்கள். அம்மடத்தில் நடக்கும் வாதம் அதைவிட ஆழமானது. கிறிஸ்து தாம் அணிந்த ஆடைக்கு உரிமையாளராக இருந்தாரா, இல்லையா? பிரான்சிஸ்கன் துறவியரும் திருத்தந்தையின் தூதர்களும் இதைக் குறித்து மோதுகிறார்கள். வரலாற்றிலும் இவ்வாதம் நடந்தது. மனிதர் அதற்காகத் துன்புற்றனர். வாதத்தின் சொற்கள் நம் நினைவில் நிற்பதில்லை. நிற்பது ஃபெரெத்தி மதிற்சுவரில் வைத்த ஒரு திறப்பு. மடத்தின் உணவு மிச்சமும் குப்பையும் அதன் வழியாகக் கீழே கொட்டப்படுகின்றன. கீழே காத்திருக்கும் ஏழைகள் சேற்றில் புரண்டு அவற்றைப் பொறுக்குகிறார்கள். மேலே ஏழ்மையைப் பற்றிய சபை கூடுகிறது. கீழே ஏழைகள் இருக்கிறார்கள். இரண்டுக்கும் நடுவே ஒரு குப்பைத் துளை. ஒரு தலைப் பிரசங்கம் செய்ய முடியாததை ஒரு கட்டட அமைப்பு செய்துவிடுகிறது. குருவாகிய நான் அக்காட்சியைப் பார்க்கும்போதெல்லாம் என் இருக்கையில் சற்று நெளிந்தே அமர்கிறேன்.

இனி விருதுகளுக்கு வருவோம். ஃபெரெத்திக்கு ஆஸ்கார் பெற்றுத் தந்தவை 'தி ஏவியேட்டர்' (2004), 'ஸ்வீனி டாட்' (2007), 'ஹியூகோ' (2011) ஆகிய மூன்றும். முதலாவதில் பெருஞ்செல்வர் ஒருவரின் உலகமும், இரண்டாவதில் லண்டனின் இருண்ட தெருக்களும், மூன்றாவதில் பாரீசின் இரயில் நிலையம் ஒன்றும் எழுந்தன. இவற்றுள் 'ஹியூகோ' என் மனத்துக்கு நெருக்கமானது. திரைக்கலையின் முன்னோடியான மெலியேஸ், தம் படங்களுக்குத் தாமே காட்சிகள் அமைத்தவர். முதுமையில் மறக்கப்பட்டு, இரயில் நிலையத்தில் பொம்மைக் கடை நடத்தியவர். அவருடைய கண்ணாடிக் கூடத்தை ஃபெரெத்தி மீண்டும் எழுப்பியது, ஒரு தச்சன் தன் ஆசானின் கல்லறையைச் செப்பனிட்டதுபோல் இருக்கிறது.

ஆயினும் ஃபெரெத்தியின் மிகப் பெரிய அரங்கம் விருது பெற்றவற்றுள் இல்லை. 2002இல் வந்த 'கேங்ஸ் ஆஃப் நியூயார்க்' படத்துக்காக, ரோமின் சினெச்சித்தா படப்பிடிப்பு நகரில் பத்தொன்பதாம் நூற்றாண்டு நியூயார்க்கின் ஒரு பகுதியையே அவர் எழுப்பினார். வீதிகளும் மதுக்கடைகளும் கோவிலும் கப்பல் நிற்கும் துறையும் அதில் இருந்தன. படத்தின் முதற்சில நிமிடங்கள் மறக்க முடியாதவை. 1846. நிலத்தடிக் குகை போன்ற இருண்ட அறைகளில் அயர்லாந்துக் கத்தோலிக்கர் சண்டைக்கு ஆயத்தமாகிறார்கள். ஒரு தந்தை தன் சிறுமகனுடன் அதிதூதர் மிக்கேலை வேண்டுகிறார். உரோமையின் நிலத்தடிக் கல்லறைகளில் கூடிய முதற் கிறிஸ்தவர்களை அவ்விடம் நினைவூட்டுகிறது. அவர்கள் கையில் இருப்பதோ ஆயுதம். ஓர் அகதி இனத்தின் விசுவாசமும் வன்முறையும் அந்தக் குகைச் சுவர்களுக்குள் ஒன்றாகக் குமைகின்றன.

பின்னர் படம் வெளிச்சத்துக்கு வருகிறது, அரங்கம் விரிகிறது, அத்துடன் ஏதோ ஒன்று குறைந்தும் போகிறது. 1863இன் படைசேர்ப்புக் கலவரத்தில் ஏழைகளின் சினம் வெடிக்கும்போது, நம் கண் வீதியின் நுணுக்கத்தை வியந்துகொண்டிருக்கிறது. சாகிறவனைப் பார்க்கவேண்டிய வேளையில் அவன் விழுந்த படிக்கட்டைப் பார்க்கிறோம். இது திறமைக் குறைவால் நேர்ந்ததன்று. திறமை மிகுந்ததால் நேர்ந்தது. பெரிய அரங்கத்தை எழுப்பியவர்களுக்கு அதை முழுதும் காட்டாமல் விட மனம் வருவதில்லை. கோவில் கட்டியவர்களுக்கும் இச்சோதனை உண்டு. திருப்பலி முடிந்து வெளியே வருகிறவர் கூரை அழகைப் பற்றி மட்டும் பேசிக்கொண்டு போனால், அக்கூரை தன் வேலையைச் செய்ததா என்று நாம் ஐயுறத்தான் வேண்டும்.

செல்வச் செழிப்பைக் காட்டுவதே பிழை என்றும் எவரும் எண்ணிவிடக் கூடாது. 1993இல் ஸ்கார்செஸிக்காக ஃபெரெத்தி செய்த முதற்படம் 'தி ஏஜ் ஆஃப் இன்னசென்ஸ்'. 1870களின் நியூயார்க் மேட்டுக்குடியின் உணவு மேசைகளும் ஓவியங்களும் திரைச்சீலைகளும் அதில் திகட்டத் திகட்ட வருகின்றன. ஆனால் ஒவ்வொரு வெள்ளிக் கரண்டியும் அங்கே ஒரு பூட்டு. மனம் விரும்பியதைச் சொல்ல முடியாத ஒருவன் அந்தப் பொருள்களுக்கு நடுவே மெல்ல மெல்லச் சிறைப்படுகிறான். அங்கே செழிப்பு அவனுடைய வறுமையைக் காட்டுகிறது. ஆகவே அளவுகோல் செலவன்று. ஒரு பொருள் மனிதனைக் காட்டுகிறதா, தன்னைக் காட்டுகிறதா என்பதே அளவுகோல்.

இந்த அளவுகோலை வைத்து நோக்கும்போது 2016இல் வந்த 'மௌனம்' அவருடைய ஏனைய படங்களுக்கு மேலாக நிற்கிறது என்பது என் துணிபு. சுசாகு எண்டோ என்னும் ஜப்பானியக் கத்தோலிக்க எழுத்தாளரின் 1966ஆம் ஆண்டுப் புதினம் அதன் மூலம். சிறுவயதில் குருவாக விரும்பிக் குருமாணவர் பள்ளியில் ஓராண்டு பயின்ற ஸ்கார்செஸி, இதைப் படமாக்கக் கால் நூற்றாண்டுக்கும் மேலாகக் காத்திருந்தார். 2016 நவம்பரில் உரோமையில் இயேசு சபைக் குருக்களுக்கு முதலில் காட்டினார். மறுநாள் திருத்தந்தை பிரான்சிசையும் சந்தித்தார்.

கதையின் வேர் நமக்கு அந்நியமானதன்று. 1542இல் நம் முத்துக்குளித்துறைக் கடற்கரைக்கு வந்து மணலில் நடந்து மணியடித்து மறைக்கல்வி கற்பித்த அதே சவேரியார்தான், 1549 ஆகஸ்டு 15 அன்று ஜப்பானின் ககோஷிமாவில் கரையிறங்கினார். 1597இல் நாகசாகியில் சிலுவையில் அறையப்பட்ட 26 மறைசாட்சிகளுள் வசாயில் பிறந்த கொன்சாலோ கார்சியாவும் ஒருவர். அடுத்து வந்த நூற்றாண்டில் ஜப்பானியத் திருச்சபை குருதியிலும் மௌனத்திலும் மூழ்கியது. மறுதலித்துவிட்டதாகச் சொல்லப்படும் தம் ஆசானைத் தேடி, ரொட்ரீகஸ் என்னும் இளங்குரு அங்கே மறைவாகச் செல்வதே கதை.

ஃபெரெத்தி அக்கால நாகசாகியையும் மக்காவையும் தைவானில் உருவாக்கினார். ஆனால் நாம் அதிக நேரம் இருப்பது மலைமேல் உள்ள ஒரு கரிக் குடிசையில். பகலில் குருக்கள் அங்கே ஒளிந்திருக்கிறார்கள். இரவில் மக்கள் வருகிறார்கள். பலகைச் சுவர், கூரைப் புல், ஈரத் தரை. ஐம்பது ஆண்டுகளுக்கு முன் மத்தேராவின் குகைகளில் கற்ற பாடத்துக்கு முதுபெரும் கலைஞர் திரும்பிவிட்டார். அக்குடிசையில் பீடமில்லை, பேழையில்லை. ஆயினும் எந்தப் பேராலயத்தையும்விட அங்கே வழிபாடு மெய்யாக நடக்கிறது.

அங்கு வரும் மக்கள் தொட்டு வைத்துக்கொள்ள ஏதாவது கேட்கிறார்கள். கொடுக்க ஒன்றுமில்லாதபோது ரொட்ரீகஸ் தம் செபமாலையைப் பிரித்து மணிமணியாகக் கொடுக்கிறார். விசுவாசத்தைவிட அதன் அடையாளங்களை இவர்கள் அதிகம் மதிக்கிறார்களோ என்று அவருக்குள் ஒரு கலக்கமும் எழுகிறது. இறையியல் பயின்ற எவருக்கும் எழக்கூடிய கலக்கம் அது. படத்தின் முடிவில்தான் அதற்கு விடை கிடைக்கிறது.

அதிகாரிகளின் கையிலும் ஒரு பொருள் இருக்கிறது. ஃபூமியே, அதாவது மிதிப்பதற்கென்றே செய்யப்பட்ட திருவுருவம். சந்தேகத்துக்கு உரியவர்கள் கிறிஸ்துவின் அல்லது மாதாவின் உருவத்தை மிதித்து, தாங்கள் கிறிஸ்தவர் அல்லர் என்று காட்டவேண்டும். எண்டோ நாகசாகியில் இத்தகைய ஒன்றைக் கண்டார். அதன் மரச் சட்டத்தில் மிதித்தவர்களின் கால்விரல் தடம் கறுத்துப் படிந்திருந்தது. அந்தக் கால்கள் யாருடையவை என்ற கேள்வியிலிருந்தே புதினம் பிறந்தது.

787இல் கூடிய இரண்டாம் நீசேயா சங்கம், திருவுருவத்துக்குச் செய்யும் வணக்கம் அவ்வுருவத்துக்கு உரியவரையே சென்று சேர்கிறது என்று அறுதியிட்டது. இதை நாம் மகிழ்ச்சியோடு மேற்கோள் காட்டுவோம். வணக்கம் சென்று சேரும் என்றால் மிதியும் சென்று சேருமா? நாகசாகியின் நடுவர்கள் நீசேயாவைப் படித்திருக்கமாட்டார்கள். ஆனால் அதன் பொருளை நம்மில் பலரைவிட நன்கு அறிந்திருந்தார்கள். அதனால்தான் அந்தத் தகட்டைத் தரையில் வைத்தார்கள்.

ரொட்ரீகஸ் கிறிஸ்துவை நினைக்கும்போதெல்லாம் எல் கிரேக்கோ தீட்டிய ஒளி பொருந்திய முகமே அவர் மனத்தில் எழுகிறது. தரையில் கிடக்கும் உலோக முகமோ மழுங்கியது, மண் படிந்தது. பிறரைக் காப்பாற்றுவதற்காக அவர் கால் தூக்கும் அந்த இரவில், ஒரு கலைஞன் தீட்டிய அழகிய முகம் விலகி, மிதிபட்ட முகமே அவரை நோக்குகிறது. வார்த்தையானவர் தம்மை வெறுமையாக்கிக்கொண்டதைப் பற்றிப் பவுலடியார் பிலிப்பியருக்கு எழுதியதை இதைவிடக் கொடிய விளக்கத்தோடு நான் எங்கும் கண்டதில்லை. ரொட்ரீகஸ் செய்தது சரியா என்று நம்மிடையே வாதம் நடந்தது, நடக்கவும் வேண்டும். கடலலையில் சிலுவையில் கட்டப்பட்டு, பாடிக்கொண்டே உயிர்விட்ட மோக்கிச்சியின் சாட்சியத்தை அந்த வாதத்தில் நாம் மறந்துவிடக் கூடாது. படத்திலும் குறையில்லாமல் இல்லை. மூடுபனியும் பாறையும் கடலும் சில இடங்களில் ஓவியம்போல் அழகாகிவிடுகின்றன. வேதனையை இரசிக்கும் ஆபத்துக்கு நாம் ஆளாகிறோம்.

ஆனால் இறுதிக் காட்சி எல்லாவற்றையும் நேர்செய்கிறது. மோக்கிச்சி தன்னிடம் இருந்த, கையால் செதுக்கிய சிறு சிலுவை ஒன்றை முன்னர் ரொட்ரீகசிடம் கொடுத்திருக்கிறான். நெடுங்காலம் கழித்து, மறுதலித்தவராகவே வாழ்ந்து முடிந்த அவருடைய உடலைப் பௌத்த முறைப்படி எரிக்கிறார்கள். தீக்குள்ளே நம் பார்வை செல்கிறது. மூடிய அவர் கைக்குள் அந்தச் சிலுவை இருக்கிறது. விரல் நீளமும் இல்லாத மரத்துண்டு. இக்காட்சி எண்டோவின் நூலில் இல்லை, திரையில் பிறந்தது. நியூயார்க்கையே எழுப்பிய கலைஞரின் வாழ்நாள் பணியில் இதைவிடச் சிறிய பொருள் இருக்க இயலாது. என் கணிப்பில் இதைவிடப் பெரிய பொருளும் இல்லை. ஆஸ்கார் குழு அப்படத்தின் ஒளிப்பதிவை மட்டுமே பரிந்துரைப் பட்டியலில் சேர்த்தது. குடிசைக்கும் மரத்துண்டுக்கும் யார் விருது தருவார்?

என் பழைய கணக்கைச் சொல்லிவிடுகிறேன். குருவாகிச் சில ஆண்டுகளே ஆகியிருந்தபோது, ஒரு கிராமப் பங்கில் பொறுப்பேற்றேன். பீடத்தின் பக்கத்தில் மரத்தாலான பாடுபட்ட சுரூபம் ஒன்று இருந்தது. ஒரு விரல் உடைந்திருந்தது. எண்ணெயும் வியர்வையும் பட்டுப் பாதங்கள் கறுத்து வழவழப்பாகியிருந்தன. கோவிலுக்கு வெள்ளையடித்த கையோடு அதை எடுத்துப் பொருளறையில் வைத்துவிட்டு, பளபளக்கும் புதுச் சுரூபம் ஒன்றை வரவழைத்து உயரமாக மாட்டினேன். எல்லாரும் பாராட்டினார்கள். ஒரு வயதான அம்மா மட்டும் மூன்று நாள் மாலையில் வந்து, சுவரை அண்ணாந்து பார்த்துவிட்டுப் போனார். நான்காம் நாள் என்னிடம் வந்து, "சாமி, நம்ம பழைய ஆண்டவர் எங்க?" என்று கேட்டார்.

"ரெண்டும் ஒரே ஆண்டவர்தாம்மா" என்றேன். நீசேயாவின்படி அது சரியான விடை. "சரிங்க சாமி" என்று சொல்லிவிட்டு அவர் போய்விட்டார். அந்தப் பாதங்களைக் கறுக்கச் செய்த கைகளுள் அவருடைய கையும் ஒன்று என்பது எனக்கு அன்று தோன்றவில்லை. புதுச் சுரூபத்தின் பாதம் எவர் கைக்கும் எட்டாது. மாற்றலாகி வந்தபின் பல ஆண்டுகள் கழித்து விசாரித்தேன். பழைய சுரூபம் எங்கே போயிற்று என்று யாருக்கும் தெரியவில்லை. அந்த அம்மாவும் இறந்துவிட்டிருந்தார்.

நான் யாரையும் மிதிக்கச் சொல்லவில்லை. அழகுபடுத்தவே செய்தேன். ஆயினும் ஒரு முதியவளின் கையிலிருந்து அவளுடைய ஆண்டவரை எடுத்துவிட்டேன் என்பதை, எரியும் தீக்குள் அந்தச் சிறு சிலுவையைக் கண்ட இரவில்தான் முழுமையாக உணர்ந்தேன். விசுவாசத்தைவிட அடையாளத்தை அதிகம் மதிக்கிறார்களோ என்று கவலைப்பட்ட ரொட்ரீகசைக் கடைசிவரை தாங்கி நின்றது அந்த மக்கள் தந்த அடையாளமே அன்றோ!

இப்போது நான் இருக்கும் பங்கிலும் பீடத்தைப் புதுப்பிக்கவேண்டும் என்று பெரியவர்கள் கேட்கிறார்கள். நல்ல எண்ணந்தான், மழைநீர் இறங்கிச் சுவர் பழுதாகியிருக்கிறது. வரைபடங்களும் வந்துவிட்டன. அவற்றை விரிப்பதற்குமுன் ஒரு வேலை செய்யும்படி குழுவினரிடம் சொல்லியிருக்கிறேன். ஒரு மாத காலம், வார நாள்களிலும், மாலை நேரங்களிலும் கோவிலின் பின்வரிசையில் அமர்ந்து பாருங்கள். மக்கள் உள்ளே வந்ததும் எங்கே போய் நிற்கிறார்கள், எதைத் தொடுகிறார்கள் என்று குறித்துக்கொண்டு வாருங்கள். அவை இருக்கும் இடத்திலேயே இருக்கும். மற்றவற்றைப் பிறகு பேசுவோம்.